டிரைவர் இல்லாத யந்திரம்

திருவனந்தபுரம் பூஜப்புரையைத் தலைமையிடமாகக் கொண்ட 'கைட்' நிறுவனம், 2018ஆம் ஆண்டில் தொடங்கிய ஹைடெக் பள்ளித் திட்டத்தின் வாயிலாகக் கேரளத்தின் 45,000 வகுப்பறைகளுக்கு மடிக்கணினியும் புரொஜெக்டரும் அளிக்க முற்பட்டது. யந்திரம் பள்ளிக்கு வந்து சேருவது ஒரு காரியம். பல ஆண்டுகள் கழிந்தும் அது உழைத்துக்கொண்டிருப்பது வேறு காரியம். கணினி நன்றாகவே இயங்கும். ஆயினும் ஒலி எழாது, அல்லது அச்சுப்பொறி அசையாது. ஆபரேட்டிங் சிஸ்டத்தைப் புதிதாக நிறுவிய மறுநாளே இத்தொல்லை பெரும்பாலும் தலைகாட்டும். சாதனம் கெட்டுவிட்டதெனக் கருதி அதனை ஓரத்தில் ஒதுக்கிவிடுவோர் உளர். உண்மையில் இல்லாமற்போனது டிரைவர் எனப்படும் சிறு கோப்புத் தொகுதியாகவே இருக்கக்கூடும்.

டிரைவர் என்பது ஆபரேட்டிங் சிஸ்டத்திற்கும் சாதனத்திற்கும் இடையே நிற்கும் துபாஷி. துபாஷி வராவிடில் இருவரும் ஊமைகளே. எனினும், சாதனம் தன் பெயரை மட்டும் சொல்ல வல்லது. கணினியினுள் பொருத்தப்பட்ட அட்டையாயினும், யு.எஸ்.பி. வழியே இணைத்த கருவியாயினும், உற்பத்தியாளரைக் குறிக்கும் எண் ஒன்றும் சாதனத்தைக் குறிக்கும் எண் ஒன்றும் அதில் பொறிக்கப்பட்டிருக்கும். ஒவ்வொன்றும் பதினறும முறையில் நான்கு இலக்கங்கள் கொண்டது; இன்டெல் நிறுவனத்தின் எண் 8086. விண்டோஸில் டிவைஸ் மானேஜரைத் திறந்தால் மஞ்சள் நிறக் குறியும், டிரைவர் நிறுவப்படவில்லை என்பதற்கு அடையாளமான 28 என்ற பிழை எண்ணும் காணப்படும். அங்கேயே மேற்சொன்ன எண்களையும் படிக்கலாம். லினக்ஸில் 'எல்எஸ்பிசிஐ', 'எல்எஸ்யுஎஸ்பி' என்ற கட்டளைகள் அவற்றைக் காட்டும்.

இவ்வெண்களைக் குறித்துக்கொண்டு உற்பத்தியாளரிடம் செல்வதே முறை. ஆனால் பலர், காணாமற்போன கோப்பின் பெயரை இணையத்தில் தேடி, எவரோ வைத்திருக்கும் ஒற்றைக் கோப்பை எடுத்துவந்து கணினியில் இடுகின்றனர். டிரைவர் ஒற்றைக் கோப்பன்று. நிறுவும் குறிப்புகளும் கையொப்பமும் அதனுடன் சேர வேண்டும். மேலும், டிரைவர்கள் பெரும்பாலும் சிஸ்டத்தின் மையமான கெர்னலுக்குள்ளேயே இயங்குவன. அங்கு நேரும் சிறு பிழையும் யந்திரம் முழுவதையும் வீழ்த்திவிடும். 2024 ஜூலை 19ஆம் தேதி, ஒரு பாதுகாப்பு நிரலின் டிரைவருக்கு வந்த பிழையுள்ள தரவுக் கோப்பு உலகெங்கும் சுமார் 85 லட்சம் விண்டோஸ் கணினிகளை முடக்கியது. அது நம்பகமான நிறுவனத்திடமிருந்து வந்த கோப்பு! ஊர் பேர் தெரியாத கோப்பின் கதையைச் சொல்ல வேண்டுவதில்லை.

இவ்விஷயத்தில் திருவனந்தபுரத்திற்கு ஒரு தனித் தொடர்பு உண்டு. 1980ஆம் ஆண்டையொட்டி அமெரிக்காவின் எம்.ஐ.டி. ஆய்வுக்கூடத்தில் ஜெராக்ஸ் லேசர் அச்சுப்பொறி ஒன்று அடிக்கடி காகிதம் சிக்கி நின்றது. அதைத் திருத்த ரிச்சர்ட் ஸ்டால்மன் அதன் மூல நிரலைக் கேட்டார்; கிடைக்கவில்லை. அந்த மனத்தாங்கலும் சேர்ந்து 1983இல் குனு திட்டமாக வெளிப்பட்டது. அதே ஸ்டால்மன் 2001 ஜூலையில் திருவனந்தபுரத்தில் இந்தியக் கட்டற்ற மென்பொருள் அறக்கட்டளையைத் தொடங்கிவைத்தார். அதே ஆண்டில் தொடங்கிய 'ஐ.டி. அட் ஸ்கூல்' திட்டம் பின்னர்க் கேரளப் பள்ளிகளைக் கட்டற்ற மென்பொருளின் பாதையில் செலுத்திற்று. மூல நிரல் வெளிப்படையான டிரைவர் கெர்னலுடனேயே வந்துவிடுமாதலால், அதைத் தனியே தேடும் வேலை பெருமளவு குறைகின்றது.

முற்றிலும் ஒழிந்துவிடுகிறதென்று கூறுவது மிகையாகும். வை-ஃபை அட்டைகள் பலவற்றிற்கு, உற்பத்தியாளர் மட்டுமே அறிந்த ஃபர்ம்வேர் கோப்பு ஒன்றும் தேவை. கட்டற்ற நெறியில் உறுதியாக நின்ற டெபியனே 2023ஆம் ஆண்டில்தான் இத்தகைய கோப்புகளைத் தன் நிறுவல் வட்டில் சேர்த்தது. வலைத்தொடர்புக்கான டிரைவரே இல்லாதபோது வலையிலிருந்து எதையும் இறக்கவும் இயலாது, கைப்பேசியை யு.எஸ்.பி. கம்பியால் இணைத்து அதன் வழியே இறக்குவது அவசரத்திற்கு உதவும்.

ஆகவே, ஆசிரியரின் சாமர்த்தியத்தை மட்டும் நம்பியிருப்பது போதாது. டிரைவரும் சாதனத்தின் ஓர் உறுப்பே. விலை கொடுத்தவருக்கு அது சேர வேண்டியதாகும். கொள்முதல் ஆணையிலேயே, சாதனம் கெர்னலிலுள்ள டிரைவரால் இயங்க வேண்டுமென்றோ, டிரைவர் கோப்புகள் சாதனத்துடன் ஒப்படைக்கப்பட வேண்டுமென்றோ எழுதுதல் தகும். சரக்கைப் பெறும் அலுவலர், கையொப்பமிடுமுன் ஒலி, வலை, அச்சு மூன்றையும் இயக்கிப் பார்த்து, அவ்விரு எண்களையும் இருப்புப் பதிவேட்டில் வரிசை எண்ணுக்கு அருகிலேயே குறித்துவைத்தல் வேண்டும்.