குப்பம்மாள் என்று ஏன் பெயர் வைத்தார்கள்?

குப்பம்மாள், குப்பாயி என்ற பெயர்களைக் கேட்டால் இளையவர்களுக்குச் சிரிப்பு வருகிறது. சிரிக்காதவர்களும், பெண் பிள்ளை என்ற இளக்காரத்தில் வைத்த பெயர் என்று வருத்தப்படுகிறார்கள். இரண்டுமே பொருந்தாது.

அடுத்தடுத்துப் பிறந்த குழந்தைகள் தங்காமல் போன வீட்டில்தான் பெரும்பாலும் இந்தப் பெயர் விழுந்தது. மறுபடி ஒரு பிள்ளை பிறந்ததும் அதைக் குப்பைமேட்டில் கிடத்துவார்கள், அல்லது லேசாகப் புரட்டி எடுப்பார்கள். வேறொரு பெண் வந்து எடுத்துக்கொள்வாள். பெற்றவள் அவளுக்குக் கொஞ்சம் தவிட்டைக் கொடுத்துத் தன் பிள்ளையைத் திரும்ப வாங்குவாள். ஊருக்கு ஊர் சடங்கு சற்று மாறும், கணக்கு ஒன்றுதான். இது யாரோ வீசியெறிந்த பிள்ளை, இதற்கு மதிப்பில்லை என்று எமன் நம்பி, திரும்பிப் பார்க்காமல் போய்விட வேண்டும். குப்பம்மாள், தவிட்டம்மாள், பிச்சையம்மாள் எல்லாம் இப்படி வந்த பெயர்களே. ஆணுக்கும் விலக்கில்லை: குப்பன், பிச்சை. சில வீடுகளில் பையனுக்கு மூக்கையும் குத்தி மூக்கன் என்று அழைத்தார்கள். தெலுங்கில் பெண்டம்மா, கன்னடத்தில் திப்பம்மா என்று குப்பைமேட்டுப் பெயர்கள் அங்கேயும் உண்டு.

இத்தனை அச்சம் எதற்கு? நூறாண்டுக்கு முன் இந்தியாவில் பிறந்த 1,000 குழந்தைகளில் ஏறத்தாழ 200 குழந்தைகள் முதல் பிறந்தநாளைக் காணவில்லை. தமிழ்நாட்டில் 2020-இல் அந்த எண்ணிக்கை 13. தடுப்பூசியும் மருத்துவமனைப் பிரசவமும் வந்தபின் எமனை ஏமாற்ற வேண்டிய தேவை குறைந்தது, பெயரும் அரிதாகிவிட்டது. இன்று இருக்கும் குப்பம்மாள்களில் சிலருக்கு அது பாட்டியின் பெயராக மட்டும் வந்திருக்கலாம், அதையும் மறக்க வேண்டாம்.

குழப்பம் வருவது இன்னொரு வகைப் பெயரால். போதும்பொண்ணு, வேண்டாம் போன்றவை காதுக்கு இதே இனம்போலத் தோன்றும். ஆனால் அவை எமனிடம் பேசும் பெயர்கள் அல்ல. பெண்ணாகவே பிறந்துகொண்டிருந்த வீட்டில், அடுத்ததாவது ஆணாகட்டும் என்ற வேண்டுதலை இந்தப் பிள்ளையின் தலையில் ஏற்றி வைத்த பெயர்கள். மகாராஷ்டிரத்தின் சாதாரா மாவட்டத்தில் ‘நகுசா’, அதாவது வேண்டாதவள், என்ற பெயரோடு இருந்த 200-க்கும் மேற்பட்ட சிறுமிகளுக்கு 2011-இல் மாவட்ட நிர்வாகமே விழா எடுத்துப் புதுப்பெயர் சூட்டியது. அது செய்ய வேண்டிய வேலைதான். வருகைப்பதிவில் ‘வேண்டாம்’ என்று கூப்பிட்டதும் எழுந்து நிற்க வேண்டிய பெண்ணிடம் மரபைக் காக்கச் சொல்வது கொடுமை.

குப்பம்மாளை அந்தப் பட்டியலில் சேர்க்காதீர்கள். பிழைக்க வேண்டும் என்று பெற்றவர்கள் தவித்த பிள்ளை அவள். உங்கள் வீட்டில் அந்தப் பெயரில் ஒரு பாட்டி இருந்தால், அவருக்கு முன் பிறந்தவர்கள் எத்தனை பேர் என்று கேட்டுப் பாருங்கள்.