கணக்குப்பிள்ளையின் அதிகாரம்

கம்ப்யூட்டர் விளையாட்டைப் பற்றி எழுதப் போகிறேன் என்றதும், இந்தப் பக்கங்களை வழக்கமாகப் படிக்கிறவர்களில் பாதிப் பேர் முகத்தைச் சுளிப்பார்கள். சுளிக்கட்டும். "கதை எழுதுகிறவருக்கு இந்த வம்பெல்லாம் எதற்கு?" என்று கேட்பார்கள். அதற்கும் பதில் இருக்கிறது, பின்னால் சொல்கிறேன். பிள்ளைகள் விளையாடுகிறார்களே, அது நல்லதா கெட்டதா என்ற பட்டிமன்றத்துக்கு நான் வரவில்லை. என் சண்டை விளையாடுகிறவனோடு அல்ல, விளையாட்டோடும் அல்ல. பக்கத்திலேயே உட்கார்ந்து, மணி பார்த்துப் பார்த்துக் குறித்துக் கொள்கிறானே ஒரு கணக்குப்பிள்ளை, அவனோடு.

விஷயம் தெரியாதவர்களுக்குச் சுருக்கமாகச் சொல்லி விடுகிறேன். அமெரிக்காவில், வாஷிங்டன் மாநிலத்துப் பெல்வியூ நகரத்தில் வால்வ் என்று ஒரு கம்பெனி. அது 2003-ஆம் ஆண்டு செப்டம்பரில் ஸ்டீம் என்ற ஏற்பாட்டைத் தொடங்கிற்று. முதலில் தன் சொந்த விளையாட்டுகளைச் செப்பனிட்டு அனுப்புவதற்காக. 2005-லிருந்து பிறர் செய்த விளையாட்டுகளையும் விற்பதற்காக. இன்றைக்குக் கம்ப்யூட்டர் விளையாட்டு விற்கிற கடைகளில் அதுதான் பெரிய கடை. காசு கொடுத்து வாங்கினால் பெட்டியில் போட்டுக் கையில் தருவதில்லை. உங்கள் பெயரில் அங்கே ஒரு பேரேடு இருக்கும். அதில் வரவு வைப்பார்கள். விளையாட்டைத் திறந்தால் கடிகாரம் ஓடத் தொடங்கும், மூடினால் நிற்கும். இந்த விளையாட்டு மொத்தம் இத்தனை மணி, கடைசி இரண்டு வாரத்தில் இத்தனை மணி என்று எழுதி வைக்கும். எழுதியதைத் திருத்தவோ, குறைக்கவோ, அழிக்கவோ உங்களுக்கு ஒரு பொத்தானும் கிடையாது. விளையாட்டையே பேரேட்டிலிருந்து எடுத்து விடுங்கள் என்று கேட்டுக் கொள்ளலாம்; அந்த மணியை மட்டும் எடுங்கள் என்று சொல்ல வழியில்லை.

சரி, இந்தக் கடிகாரம் எதைத்தான் அளக்கிறது? விளையாடிய நேரத்தையா? இல்லை, ஐயா! கதவு திறந்திருந்த நேரத்தை. ஒருவன் விளையாட்டைப் பாதியில் நிறுத்திச் சாப்பிடப் போகிறான்; கடிகாரம் ஓடுகிறது. யாரோ வந்து வாசலில் அரைமணி பேசிக் கொண்டிருக்கிறார், ஓடுகிறது. மூட மறந்து தூங்கிப் போகிறான். விடிய விடிய ஓடுகிறது. சில விளையாட்டுகளில், விளையாட்டு தொடங்குமுன் அதைச் செய்தவர்களின் முன்கூடம் ஒன்று திறந்து கொள்ளும். அங்கே அது தன்னைத் தானே சீர் செய்து கொள்ளும் வரையில் காத்திருக்க வேண்டும். அதுவும் உங்கள் தலையில்தான் எழுதப்படும். ஒரு வீட்டில் விளக்கு எரிந்த நேரத்தைக் குறித்து வைத்துக் கொண்டு, "இந்த வீட்டுக்காரர் இத்தனை மணி நேரம் படித்திருக்கிறார்" என்று யாராவது சொன்னால் சிரிக்க மாட்டோமா?

சிரிக்கத்தான் வேண்டும். ஆனால் சிரிக்கிறவர்களைக் காணோம். எண்ணைக் கண்டதும் நம் ஜனங்களுக்கு ஒரு பயபக்தி வந்து விடுகிறது. எங்கள் தெருவில் ஒரு தாயார். மகன் உத்தியோகம் பார்க்கிறான், ஒழுங்கான பையன். அவன் கம்ப்யூட்டரில் அந்தக் கணக்கு அவள் கண்ணில் பட்டு விட்டது. "பாருங்கண்ணா, ஆயிரத்து நூறு மணி நேரம்! இதே நேரம் ஏதாவது பரீட்சைக்குப் படிச்சிருந்தா..." என்று ஆரம்பித்தாள். "எத்தனை வருஷமாம்மா இதை விளையாடறான்?" என்று கேட்டேன். ஆறு வருஷம் என்றாள். கணக்குப் போட்டுக் காட்டினேன். ஆறு வருஷத்தில் 1,100 மணி என்றால் நாளொன்றுக்கு அரைமணி! அந்த அம்மாள் வாரத்தில் ஆறு நாள், தினம் அரைமணி ஒரு தொலைக்காட்சித் தொடர் பார்க்கிறவள். அதே ஆறு வருஷத்துக்கு அது 936 மணி. வித்தியாசம் ஒன்றே ஒன்றுதான்: அவளுக்கு யாரும் கணக்கு எழுதவில்லை. எழுதாததால் அவள் குற்றவாளி இல்லை. எழுதியதால் அவன் குற்றவாளி.

இங்கேதான் இந்த எண்ணின் சூது இருக்கிறது. எத்தனை நாளில் என்று சொல்லாமல் எத்தனை மணி என்று மட்டும் பெரிதாகச் சொல்லுகிற கணக்கு, பார்க்கிறவர் மனசில் பாதிப் பொய்யாகத்தான் போய் விழும். ஆறு வருஷம் சாப்பிட்ட சோற்றை ஒரே இடத்தில் குவித்து வைத்து, "இவ்வளவையும் தின்றாயா, பாவி!" என்றால் எவன் பதில் சொல்ல முடியும்?

இன்னொரு சாராரும் இருக்கிறார்கள். அவர்கள் வெட்கப்படுகிறவர்கள் அல்ல, பெருமையடிக்கிறவர்கள். இத்தனை ஆயிரம் மணி என்பது அவர்களுக்குப் பட்டம், பதக்கம். குறைவான மணி உள்ளவன் அபிப்பிராயம் சொன்னால், "நீ எத்தனை மணி? உனக்கென்ன தெரியும்?" என்று வாயை அடைத்து விடுவார்கள். இந்தப் பதக்கம் எப்படிச் சம்பாதிக்கப்படுகிறது என்று பார்த்தால் வேடிக்கை. 2013-ல் அந்தக் கடையே ஒரு திட்டம் கொண்டு வந்தது. விளையாட்டு ஓடிக் கொண்டிருந்தால் அவ்வப்போது படச்சீட்டு ஒன்று விழும். சீட்டைக் கடையின் சந்தையிலேயே விற்கலாம். விற்பனைக்கு விற்பனை கடைக்கும் பங்கு. என்ன நடந்தது? விளையாட்டைத் திறக்காமலே, திறந்திருப்பது போல் கடையை நம்ப வைக்கிற சிறு புரோகிராம்களை ஜனங்கள் எழுதி விட்டார்கள். இரவெல்லாம் கடிகாரம் ஓடுகிறது, சீட்டு விழுகிறது, விளையாடுகிறவன் குறட்டை விடுகிறான்! இதை நான் மோசடி என்று கண்டிக்கப் போவதில்லை. காலிப் பாத்திரத்தை அளந்து கூலி கொடுக்கிற எஜமானுக்குக் காலிப் பாத்திரந்தான் வந்து சேரும்.

வெறும் வெட்கமும் பெருமையும்தான் என்றால் இத்தனை ஆத்திரம் எனக்கு வராது. இதில் காசும் இருக்கிறது. 2015 ஜூன் முதல் ஸ்டீமில் ஒரு விதி: வாங்கி 14 நாளுக்குள், 2 மணி நேரத்துக்குக் குறைவாக விளையாடியிருந்தால் பணம் வாபஸ். அதற்கு மேல் போனாலும் கேட்டுப் பார்க்கலாம். கொடுப்பதும் மறுப்பதும் அவர்கள் இஷ்டம். இது நல்ல விதிதான். அதற்கு முன் இருந்த நிலைமையைப் பார்த்தவர்கள் அப்படித்தான் சொல்வார்கள். ஆனால் நியாயத் தராசில் எடைக்கல் எது? அதே கடிகாரந்தான். ஊர் ஊராகக் கட்டி ராஜ்ஜியம் நடத்துகிற விளையாட்டுகளில், விதிகளைக் கற்றுக் கொள்ளவே இரண்டு மணி போய்விடும். பிடித்திருக்கிறதா இல்லையா என்று தெரியும்போது வாசல் சாத்தப்பட்டிருக்கும். மறுபக்கமும் பாருங்கள். 2021-ல் 'சம்மர் ஆஃப் 58' என்று ஒரு பேய்க்கதை விளையாட்டு வந்தது. செய்தவர் எமிகா கேம்ஸ் என்ற பெயரில் இயங்கியவர். விளையாட்டு முழுவதுமே இரண்டு மணிக்குள் முடிந்துவிடும். பலர் முடித்தார்கள், நன்றாக இருக்கிறது என்று சொன்னவர்கள்கூட, பணத்தைத் திருப்பி வாங்கிக் கொண்டார்கள். அந்த மனிதர் அந்த ஆகஸ்டில், விளையாட்டுச் செய்யும் தொழிலையே காலவரம்பின்றி விட்டு விலகுவதாக அறிவித்தார். சிறுகதைக்குக் கூலி கிடையாது, மகாபாரத நீளத்துக்கு எழுதினால் உண்டு என்று ஒரு பத்திரிகை விதி செய்தால் என்ன ஆகுமோ, அதுதான் ஆயிற்று.

எந்த மணியைக் கணக்கில் சேர்ப்பது என்பதையும் கடைக்காரன் தன் இஷ்டப்படி மாற்றிக் கொள்வான். சில விளையாட்டுகளில் கூடுதல் விலை கொடுப்பவர்கள், வெளியீட்டுத் தேதிக்குச் சில நாள் முன்பே விளையாடலாம். 2024 ஏப்ரல் வரையில் அந்த முன்நாள் மணிகள் வாபஸ் விதிக்குக் கணக்கில்லை. அதற்குப் பிறகு கணக்குண்டு. ஓட்டையை அடைத்தார்கள், வாஸ்தவம், அடைக்க வேண்டியதுதான். நான் கேட்பது வேறு. தனக்குத் தேவைப்பட்டபோது, 'இந்த மணி மணியல்ல, இப்போது மணி' என்று சொல்லக் கடைக்கு அதிகாரம் இருக்கிறதே, தன் வீட்டில் தூங்கிய மணியை 'இது மணியல்ல' என்று சொல்ல வாடிக்கைக்காரனுக்கு ஏன் இல்லை?

இதைச் சொன்னால் கடையின் வக்கீல்கள் இரண்டு பதில் சொல்கிறார்கள். வக்கீல்கள் என்றால் சம்பளம் வாங்குகிறவர்கள் அல்ல. சம்பளமில்லாமல் கடைக்காக வாதாடுகிற அபிமானிகள். முதல் பதில்: "வேண்டாமென்றால் மறைத்துக் கொள்ளலாமே!" ஆமாம், 2018 ஏப்ரலில் அந்த வசதி வந்தது. எந்தெந்த விளையாட்டு வைத்திருக்கிறோம் என்பதையும், எத்தனை மணி என்பதையும் பிறர் கண்ணுக்குத் தெரியாமல் செய்யலாம். நல்லது. ஆனால் மறைப்பது வேறு, அழிப்பது வேறு. கடனைத் திருப்பிக் கொடுத்தவன் பத்திரத்தைக் கிழித்துக் கொடு என்று கேட்கிறான்; "யாருக்கும் காட்டாமல் பெட்டியில் பூட்டி வைத்திருக்கிறேன், கவலைப்படாதே" என்கிறார் லேவாதேவிக்காரர். யார் பெட்டியில், சாவி யாரிடம்?

இரண்டாவது பதிலில் கொஞ்சம் சரக்கு இருக்கிறது. "அழிக்க விட்டால், முழுக்க விளையாடி விட்டு மணியைத் துடைத்துப் பணத்தைத் திருப்பிக் கேட்பார்கள். விமர்சனம் எழுதுகிறவன் உண்மையில் விளையாடினானா என்றும் தெரியாமல் போகும்." நியாயமான கவலைதான். ஆனால் பணம் வாபஸ் என்பது 14 நாள் சங்கதி. பதினைந்தாம் நாளிலிருந்து அந்த எண்ணுக்கும் காசுக்கும் சம்பந்தமில்லை. பதினைந்தாம் நாள் அழிக்க விடுவதால் யார் குடி முழுகிப் போகும்? விமர்சனமோ என்றால், எழுதின நேரத்தில் எத்தனை மணி விளையாடியிருந்தான் என்பதை ஸ்டீம் மொத்த மணியோடு தனியாகவே குறித்துக் காட்டுகிறது. அந்தக் குறிப்பு விமர்சனத்தோடு இருந்து விட்டுப் போகட்டும். பொது வாசகர்களுக்கு அது தேவை. மற்றதை, உடையவன் கேட்டால் துடைத்துக் கொடுங்கள். இது தொழில்நுட்பத்தால் முடியாத காரியம் என்று யாரும் என்னிடம் சொல்ல வேண்டாம். மனசில்லாத காரியம்.

ஏன் மனசில்லை என்பதும் ரகசியமல்ல. 2022 டிசம்பர் முதல் வருஷா வருஷம், அவனவன் என்னென்ன விளையாடினான் என்று வண்ணப் படத்தோடு ஒரு வரலாறு எழுதிக் கொடுக்கிறார்கள். அதை அவனே ஊருக்கெல்லாம் காட்டுகிறான். கடைக்கு இலவச விளம்பரம். கணக்கு அழியுமானால் அந்த விளம்பரத்தில் ஓட்டை விழுமல்லவா?

நம் புராணத்துச் சித்திரகுப்தன்கூட இவனை விடத் தேவலை. அவன் நல்லதையும் கெட்டதையும் பிரித்து எழுதுவான்; அவன் ஏட்டில் பிராயச்சித்தத்துக்கும் இடம் உண்டு. இந்த ஏட்டில் எது மகிழ்ச்சி, எது சலிப்பு, எது துக்கத்தை மறக்கத் தேடிப் போன நேரம் என்ற பாகுபாடே கிடையாது. ஆஸ்பத்திரி வாசலில் காத்திருந்து விட்டு வந்து, தூக்கம் வராத ராத்திரியில் ஒருவன் விளையாடின பத்து மணியும், வேலைக்குப் போகாமல் சோம்பேறித்தனமாக விளையாடின பத்து மணியும் அங்கே ஒன்றுதான். உலக சுகாதார நிறுவனம் 2019-ல் விளையாட்டு நோய் என்ற ஒன்றைத் தன் வியாதிப் பட்டியலில் சேர்த்தது. 2022-ல் அமலுக்கு வந்தது. அந்த விளக்கத்தைப் படித்துப் பாருங்கள்: கட்டுப்பாடு போய்விட்டதா, மற்றக் காரியங்களை விழுங்கி விட்டதா, கெடுதல் தெரிந்தும் விட முடியவில்லையா என்றுதான் கேட்கிறது. இத்தனை மணி என்று ஓர் எண்கூட அதில் இல்லை. வைத்தியர்களுக்கு வராத துணிச்சல் எங்கள் தெருத் தாயாருக்கு வந்ததற்குக் காரணம் அந்தக் கடைதான்.

கதை எழுதுகிறவனுக்கு இதில் என்ன என்று கேட்டவர்களுக்கு இப்போது பதில். அமேசான் கம்பெனி 2015 ஜூலையிலிருந்து, சந்தா கட்டிப் படிக்கிற வாசகர்களுக்கான தன் மின்புத்தகத் திட்டத்தில், எழுத்தாளர்களுக்கு எத்தனை பக்கம் படிக்கப்பட்டதோ அத்தனைக்குத்தான் கூலி என்று வைத்து விட்டது. உடனே அங்கேயும் நம் குறட்டைக்கார நண்பர்களின் சகோதரர்கள் முளைத்தார்கள்: முதல் பக்கத்தில் ஒரு சுட்டியை வைத்து, வாசகரைக் கடைசிப் பக்கத்துக்குத் தாவச் செய்து, நடுவில் இருந்த குப்பை அத்தனைக்கும் கூலி வாங்கினார்கள். வாசகர் தொடர்ந்து எத்தனை நாள் படித்தார் என்ற கணக்கும் அந்தக் கருவியில் வந்தாயிற்று. நாவல் படிக்கிற பெண்களை, 'கதைப் புத்தகத்தில் காலத்தைப் பாழாக்குகிறாள்' என்று வீட்டுப் பெரியவர்கள் ஏசின காலம் ஒன்று இருந்தது. அவர்களிடம் எண் இல்லை. அதனால் அந்தப் பெண்கள் அடுப்படியிலும் மாடிப்படியிலும் தப்பித்துப் படித்தார்கள். அப்படிப் படித்த ஒருத்தி, ஒரு பக்கத்தில் விரலை வைத்து மூடிக் கொண்டு, ஜன்னலுக்கு வெளியே அரைமணி பார்த்துக் கொண்டு உட்கார்ந்திருந்தாளே, அந்த அரைமணியை இந்தக் கணக்குப்பிள்ளை எந்தக் கலத்தில் எழுதுவான்?