பனிமலையில் ஒரு வழித்துணை

யான் 35 ஆண்டுகள் தமிழாசிரியனாகப் பணியாற்றினேன். இமயம் என்னும் சொல்லை வகுப்பில் உரையாத ஆண்டு அவற்றுள் ஒன்றும் இல்லை. கண்ணகிக்குச் சிலை சமைக்கச் சேரன் செங்குட்டுவன் இமயத்திலிருந்து கல் கொணர்ந்த செய்தியைச் சிலப்பதிகாரத்து வஞ்சிக் காண்டத்தினின்று எடுத்துக் கூறும்போதெல்லாம், இரு கைகளையும் உயர விரித்து, 'பனி மூடிய மலை' என்று முழங்குவேன். ஒரு நாள் கடைசி வரிசையிலிருந்த மாணவன் ஒருவன் எழுந்து, "ஐயா, அந்தப் பனி கையில் பட்டால் ஈரமாக இருக்குமா, பொடியாக இருக்குமா?" என்று வினவினான். "குளிர்ச்சியாக இருக்கும்" என்று சொல்லி அவனை உட்கார வைத்துவிட்டேன். யான் அதுவரை கண்டிருந்த பனியெல்லாம் மார்கழி விடியலில் புல்நுனியில் தங்கும் துளிதான். முன்பனி, பின்பனி எனப் பருவம் வகுத்த நம் முன்னோரும் அத்துளியையே கருதினர். வானினின்று பஞ்சுபோல் இறங்கி நிலத்தை மூடும் பொருளுக்கும் அப்பெயரையே இட்டு வழங்குகின்றோம். சொல் ஒன்றாக இருந்தமையால், பொருளும் எனக்குத் தெரிந்ததே என்று எண்ணிக்கொண்டிருந்தேன்.

அம்மாணவனுக்கு உரிய விடையை யான் அறிந்தது ஓய்வு பெற்ற பின்னர், 2023ஆம் ஆண்டு பிப்ரவரித் திங்களில். தில்லியில் பணிபுரியும் என் மருமகன், தம் மனைவி மகளோடு என்னையும் காசுமீரத்துக் குல்மர்க்கிற்கு அழைத்துச் சென்றார். நால்வர்க்குமாக உள்ளூர் வழிகாட்டி ஒருவரை மூன்று நாட்களுக்குத் தனியே அமர்த்தியிருந்தார். 'நால்வர் ஊர் பார்ப்பதற்கு ஓர் ஆளா! இது செல்வர் செய்யும் ஆடம்பரம் அன்றோ?' என்று யான் மனத்துள் முணுமுணுத்தேன். இப்பொழுது என் கருத்து வேறு. பனிமலையைக் காண விழைவோர் சிறு குழுவாகச் செல்லல் வேண்டும். அந்நிலத்திலேயே பிறந்து வளர்ந்த ஒருவரைத் தமக்கெனத் துணைகொள்ளல் வேண்டும். இக்கருத்து எங்ஙனம் மாறியது என்பதைச் சொல்கின்றேன்.

சீநகரிலிருந்து குல்மர்க் ஏறத்தாழ 50 கிலோமீட்டர். கடைசி 13 கிலோமீட்டர் மலைப்பாதை. அதன் அடிவாரத்திலுள்ள தங்மர்க் என்னும் ஊரில் எங்கள் மோட்டார் வண்டியை நிறுத்திவிட்டு, சக்கரங்களில் இரும்புச் சங்கிலி சுற்றிய வேறு வண்டியில் ஏறினோம். நீண்ட இரப்பர் காலணிகளும் கம்பளி மேலங்கிகளும் அங்கே வாடகைக்குக் கிடைக்கின்றன. எங்கள் வழிகாட்டி அங்குத்தான் எம்மை எதிர்கொண்டார். ஐம்பது வயது இருக்கும். முழங்காலுக்குக் கீழே தொங்கும் 'ஃபெரன்' என்னும் அங்கி அணிந்திருந்தார்; அதனுள் வயிற்றோடு அணைத்தபடி 'காங்கிரி' ஒன்று வைத்திருந்தார். காங்கிரி என்பது கரித்தணல் இட்ட சிறு மண்சட்டி. சுற்றிலும் மிலாறு கொண்டு பின்னிய கூடு உண்டு. யான் ஆசிரியனாக இருந்தவன் என்று அறிந்தவுடன், "மாஸ்டர்ஜி" என்று அழைத்து, அச்சட்டியை என் கையில் கொடுத்துவிட்டார். அவர் பேசிய இந்தியை என் மருமகன் தமிழாக்கித் தந்தார்.

மாணவர்களே, யான் மட்டும் தனியே சென்றிருந்தால் வெண்மையைக் கண்டு, 'ஆகா' என்று வியந்து திரும்பியிருப்பேன். அந்த வெண்மைக்குள் ஒரு நாட்காட்டி இருப்பதை வழிகாட்டியே காட்டினார். காசுமீர மக்கள் டிசம்பர் 21ஆம் நாள் தொடங்கும் கடுங்குளிர்க் காலத்தை மூன்றாகப் பகுக்கின்றனர். முதல் நாற்பது நாள் 'சில்லை கலான்', பெருங்குளிர். அடுத்த இருபது நாள் 'சில்லை குர்த்', சிறுகுளிர். இறுதிப் பத்து நாள் 'சில்லை பச்சா', குழந்தைக் குளிர். பெருங்குளிர் நாட்களில் விழும் பனியே இறுகி, மலைமேல் நெடுநாள் தங்கிக் கோடையில் ஊற்றுகளையும் சீலம் ஆற்றையும் ஊட்டுவது. பின்னர் விழும் பனி விரைந்து உருகிவிடும். ஆகவே உழவர், எவ்வளவு பனி விழுந்தது என்று மட்டும் பாராமல், எந்த நாளில் விழுந்தது என்றும் பார்ப்பர். நாம் விளையாடுவதற்கு அள்ளி எறியும் பனி, அவர்க்கு ஆனித் திங்களின் நெல்வயலுக்கு வேண்டிய தண்ணீர். கோடையிலேயே கத்தரி, சுரை முதலியவற்றை அரிந்து உலர்த்திக் குளிர்காலத்திற்கென்று சேமித்து வைக்கும் வழக்கத்தையும் அவர் கூறினார். நம் வீட்டு வற்றலை நினைந்துகொண்டேன்.

குல்மர்க், கடல் மட்டத்திற்கு ஏறத்தாழ 2,650 மீட்டர் உயரத்தில் கிண்ணம்போல் அமைந்த ஒரு புல்வெளி. பூக்களின் வெளி என்பது அப்பெயரின் பொருள். யாங்கள் சென்றபோது வேலிக் கம்பங்களின் தலை மட்டும் வெளியே தெரிந்தது. தேவதாரு மரங்கள் கிளைதோறும் பனிச்சுமை தாங்கி நின்றன. அங்கு என்னை முதலில் தாக்கியது குளிர் அன்று, ஓசையின்மை. புதிதாக விழுந்த பனியில் பெரும்பகுதி காற்றே. அக்காற்றறைகள் ஒலியை விழுங்கிவிடுகின்றன. பத்தடி அப்பால் நின்று என் பேத்தி கூவியது, அடுத்த வீட்டினுள்ளிருந்து கேட்பதுபோல் கேட்டது.

அவ்வமைதி நெடுநேரம் நிற்கவில்லை. சறுக்குவண்டி இழுப்போர் எம்மைச் சூழ்ந்துகொண்டனர். அது ஒரு சிறிய மரப்பலகை, முன்புறம் கயிறு. பயணியை அதன்மேல் அமர்த்தி ஓர் ஆள் மேட்டின்மீது இழுத்துச் செல்வார். எனக்கு மனம் ஒப்பவில்லை. கைரிக்‌ஷாவை 1973ஆம் ஆண்டில் ஒழித்த நாட்டிலிருந்து வந்தவன், ஒரு மனிதனை மாடாக்கி அமர்ந்து செல்வதா? "யான் நடப்பேன்" என்றேன். கயிற்றைப் பிடித்து நின்ற முதியவர் என் மருமகன் வாயிலாக ஒரு விடை சொன்னார்: "மாஸ்டர்ஜி நடந்தால் அவருக்குப் புண்ணியம், எனக்குக் கூலி?" யான் வாயடைத்து நின்றேன். பேத்தியை வண்டியில் அமர்த்தி, இருவர்க்குரிய கூலியும் தருவதாகச் சொல்லி உடன் நடந்தேன். பாதி மேட்டில், என் கொள்கைக்கு முன்னதாக என் முழங்கால் தளர்ந்துவிட்டது. எஞ்சிய தொலைவை வண்டியில் இருந்தே கடந்தேன். இதில் எது முறை, எது முறையன்று என்பதை இன்றளவும் யான் முடிவு செய்தேனல்லேன். ஒன்று மட்டும் தெளிவாகத் தெரிந்தது. ஆயிரக்கணக்கில் செலவிட்டு அங்கு வந்த ஒருவர், ஐம்பது உரூபாயைக் குறைக்கும்படி அம்முதியவரிடம் கால் மணி நேரம் வழக்காடினார். அது முறையன்று.

மறுநாள் கம்பிவட ஊர்தியில் ஏறினோம். அவ்வூரார் அதனைக் 'கொண்டோலா' என்பர். அதன் முதற்பகுதி 1998ஆம் ஆண்டிலும், அபர்வத் மலையின்மேல் ஏறத்தாழ 3,950 மீட்டர் வரை செல்லும் இரண்டாம் பகுதி 2005ஆம் ஆண்டிலும் இயங்கத் தொடங்கின. யாங்கள் இடைநிலையமாகிய கொங்டூரியில் இறங்கி, அங்கிருந்து ஒரு சரிவின் அடிவழியே கிலன்மர்க் நோக்கிச் சிறிது தொலைவு நடப்பதாக ஏற்பாடு. மருமகன் பல நாட்களாக எண்ணியிருந்தது அந்நடையைத்தான். முன்னிரவில் பனி பெய்து ஓய்ந்திருந்தது. காலையில் வானம் தெளிந்து, வெயில் கண்ணைப் பறித்தது. இதனினும் நல்ல நாள் வாய்க்குமோ என்று யாங்கள் மகிழ்ந்தோம்.

வழிகாட்டி மகிழவில்லை. சரிவை அண்ணாந்து நோக்கினார். தம் கைத்தடியைப் பனியில் பல இடங்களில் ஊன்றிப் பார்த்தார். பின்பு பையிலிருந்து சிறு மண்வெட்டியை எடுத்து, இடுப்பளவு ஆழத்திற்கு ஒரு குழி வெட்டி, அதன் சுவரைக் கத்தியால் அரிந்ததுபோல் செம்மைப்படுத்தி, என் பேத்தியை அருகே அழைத்தார். அச்சுவரில், அடுக்கிய துணிகள்போலப் பல படைகள் தெரிந்தன. மேலே நேற்றிரவு விழுந்த மென்பனி. அதன்கீழ் வெயிலில் உருகி மீண்டும் உறைந்த கெட்டித் தகடு. அடியில், சீனிபோல் உதிரும் பருமணிகள். அம்மணிகளைக் குழந்தையின் உள்ளங்கையில் இட்டு, "இறுக்கிப் பிடி" என்றார். அவை ஒன்றோடொன்று ஒட்டவே இல்லை; விரலிடுக்கில் வழிந்து போயின. நிலத்தில் எஞ்சியுள்ள வெம்மையால் எழும் ஈராவி, மேலே குளிர்ந்த பனியில் பட்டு உறைந்து இவ்வாறு மணியாகிறது. மணி திரண்ட அடுக்கின்மேல் புதுப்பனியின் சுமை ஏறி, வெயிலும் பட்டால், மேலடுக்கு முழுதும் ஒரே பலகையாகப் பெயர்ந்து சரியக்கூடும். முப்பது பாகை முதல் நாற்பத்தைந்து பாகை வரை சாய்ந்த சரிவுகளில்தான் இவ்விடர் மிகுதி. எம் எதிரே நின்ற சரிவு அத்தகையது.

பொடியா, ஈரமா என்று கேட்டானே என் மாணவன்! ஒரே குழிக்குள் பொடியும் இருந்தது, ஈரமும் இருந்தது, கல்லும் இருந்தது, சீனியும் இருந்தது.

"இன்று கிலன்மர்க் வேண்டா" என்றார் வழிகாட்டி.

மருமகனுக்குச் சினம் வந்தது. "முழுத் தொகையும் கொடுத்திருக்கிறோமே" என்றார். வழிகாட்டி வழக்காடவில்லை. அவ்வாண்டு பிப்ரவரி முதல் நாள்தான் அபர்வத் சரிவில் பனி பெயர்ந்து, போலந்து நாட்டிலிருந்து பனிச்சறுக்கு விளையாட வந்த இருவர் உயிரிழந்தனர். 2010ஆம் ஆண்டு பிப்ரவரியில் கிலன்மர்க் பகுதியில் பயிற்சியிலிருந்த இராணுவ வீரர் 17 பேர் பனிச்சரிவில் மாண்டனர். அவ்விரண்டையும் தாழ்ந்த குரலில் கூறிவிட்டு, ஊர்தி நிலையத்தை நோக்கித் திரும்பி நடந்தார். நாங்களும் பின்தொடர்ந்தோம்.

அன்று மாலை வரை அச்சரிவில் ஒரு பிடி பனியும் பெயரவில்லை. இதனை மறைத்தல் கூடாது. இரவு உணவின்போது மருமகன், "பார்த்தீர்களா மாமா, ஒன்றும் நடக்கவில்லையே! அந்தப் போலந்து நாட்டார் குழுவோடும் உள்ளூர் வழிகாட்டிகள் இருந்தார்களாமே, என்ன பயன்? நாளை கொடுக்க வேண்டியதில் ஒரு பகுதியைக் குறைத்துக்கொள்ளலாம்" என்றார். அவர் கூற்றில் ஓரளவு உண்மை உண்டு. வழிகாட்டி உடனிருத்தல் உயிர்க்கு உறுதிச்சீட்டு ஆகாது. மலை எவர் சொல்லையும் கேட்டு நடப்பதன்று. ஆயினும் யான் அவரோடு உடன்படவில்லை. நாம் தொகை கொடுத்தது கிலன்மர்க்கைக் காட்டுவதற்கு என்று அவர் கருதினார். எம்மால் படிக்க இயலாத ஓர் ஏட்டை எமக்காகப் படித்துச் சொல்வதற்கு என்று யான் கருதினேன். படித்தவர், 'இன்று வேண்டா' என்று படித்தார். அப்படிச் சொல்வதால் அவர்க்கு ஊதியம் கிடையாது. எம் சினமே கிடைக்கும் என்பதை அறிந்தும் சொன்னார். மகிழ்விப்பதையே தொழிலாகக் கொண்டவர் அங்ஙனம் சொல்லார். ஒன்றும் நடவாமையைக் காட்டி ஊதியத்தைக் குறைப்போமாயின், அடுத்து வரும் குழுவினிடம் 'வேண்டா' என்று சொல்ல அவர்க்கு நாத் துணியுமா? நெடுநேரம் பேசினோம். மருமகன் முழுத் தொகையும் கொடுத்தார். என் சொல்லை ஏற்றா, என் முதுமையை மதித்தா என்பதை யான் கேட்கவில்லை.

'கைப்பேசியில் வரைபடம் இருக்கும்போது ஆள் எதற்கு?' என்பாரும் உளர். வரைபடம் வழியைக் காட்டும். நேற்றிரவு விழுந்த பனியின் அடியில் என்ன உள்ளது என்பதைக் காட்டாது. பெரிய பேருந்தில் நாற்பது பேராகச் சென்று ஒரு பகலில் எட்டு இடங்களைக் கண்டு திரும்புவோரையும் அங்குக் கண்டேன். அவர்களைக் குறை கூறேன். அவரவர் கைப்பொருள் இடங்கொடுக்கும் அளவே அவரவர் செலவு. எனினும் நாற்பது பேருக்காக ஒருவர் குழி வெட்டிக் காட்ட இயலுமா? உங்களுள் ஐவர் அறுவர் பின்னொரு நாள் சேர்ந்து சென்றால், ஒரு வழிகாட்டியின் கூலியைப் பங்கிட்டுக்கொள்ளுதல் அரிதன்று. விடுதியில் ஓர் இரவைக் குறைத்துக்கொண்டேனும் அதனைச் செய்க. கருங்கண்ணாடி அணிய மறவாதீர். புதுப்பனி வெயிலின் புறஊதாக் கதிர்களில் பெரும்பகுதியை அப்படியே திருப்பி அடிப்பதால் கண் புண்படும்.

அவ்வழிகாட்டியோடு என் பேத்தி இன்றும் கைப்பேசியில் பேசி வருகின்றாள். 2024ஆம் ஆண்டு சனவரியில் குல்மர்க் பனியின்றிப் பழுப்பாகக் கிடந்தது. பெருங்குளிர் நாட்களில் பெரும்பாலானவை வறண்டே கழிந்தன. சறுக்குவண்டிகள் சுவரோரம் சாத்தப்பட்டிருப்பதை அவர் படம் பிடித்து அனுப்பியிருந்தார். அவற்றுள் ஒன்று எம் முதியவருடையது. 2025ஆம் ஆண்டிலும் போதிய பனி இன்மையால் பிப்ரவரியில் நிகழவேண்டிய குளிர்கால விளையாட்டுப் போட்டிகள் மார்ச்சுத் திங்களுக்குத் தள்ளிவைக்கப்பட்டன. அடுத்த முறை பனி நன்கு விழும் ஆண்டில் மீண்டும் வருவோம் என்று பேத்தி அவரிடம் சொல்லியிருக்கின்றாள். "வாருங்கள், மாஸ்டர்ஜியையும் அழைத்து வாருங்கள்" என்றாராம். கிலன்மர்க்கிற்கு அப்பொழுதாவது அழைத்துச் செல்வீர்களா என்று கேட்டதற்கு, "அன்று காலையில் சொல்கிறேன்" என்றாராம்.