மூன்று கொடிகளும் ஒரு துரோகிப் பட்டமும்

போன வாரம் கேன்டீனில் ஒரு வாக்குவாதம். பேச்சு எப்படியோ சுற்றி ஒலிம்பிக்கில் வந்து நின்றது. ஈரானில் பிறந்த டேக்வாண்டோ வீராங்கனை கிமியா அலிசாதே பெயரை நான் எடுத்ததும், எதிரில் இருந்த நண்பன் பட்டென்று சொன்னான்: "அந்தப் பொண்ணா? மூணு ஒலிம்பிக்ஸ், மூணு கொடி. ஊர்ப் பணத்துல வளர்ந்துட்டு ஓடிப்போனவ. துரோகி மச்சான்."

அடுத்த வகுப்புக்கு மணி அடித்துவிட்டது. பதில் சொல்ல முடியவில்லை. அதனால் இங்கே சொல்கிறேன். கொஞ்சம் நீளம்தான், பொறுத்துக்கொள்ளுங்கள் :-)

முதலில் கணக்கு. கிமியா 1998-இல் கராஜ் நகரில் பிறந்தவர். 2014-இல் நான்ஜிங் இளையோர் ஒலிம்பிக்கில் தங்கம். 2015 உலகப் போட்டியில் வெண்கலம். 2016 ரியோ ஒலிம்பிக்கில் 57 கிலோ பிரிவில் சுவீடன் வீராங்கனையை 5-1 என்று வென்று வெண்கலம். அப்போது வயது 18. 2017 உலகப் போட்டியில் 62 கிலோ பிரிவில் வெள்ளி.

அந்த ரியோ வெண்கலம் சாதாரண வெண்கலம் இல்லை. ஈரான் ஆண்கள் 1948-லிருந்து ஒலிம்பிக் பதக்கம் வாங்கி வருகிறார்கள். முதன்முதலாக ஒரு ஈரானியப் பெண் கழுத்தில் பதக்கம் ஏற 68 வருஷம் ஆனது. அதிபர் ருஹானியே வாழ்த்துச் சொன்னார். நாடே கொண்டாடியது.

இதில் கூத்து என்னவென்றால், அதே 2016-இல் ஈரானில் ஒரு பெண் ஆண்களின் கால்பந்து ஆட்டத்தைப் பார்க்க ஸ்டேடியத்துக்குள் போக முடியாது! சுமார் 40 வருஷத் தடை. 2019 அக்டோபரில்தான், அதுவும் ஃபிஃபா நெருக்கிய பிறகு, கம்போடியாவுடன் நடந்த ஆட்டத்துக்குப் பெண்களுக்கு டிக்கெட் விற்றார்கள். நாட்டுக்காக உதைத்துப் பதக்கம் வாங்கலாம், நாட்டின் ஆட்டத்தைக் கேலரியில் உட்கார்ந்து பார்க்கக் கூடாது. என்ன நியாயமோ!

2020 ஜனவரியில் கிமியா ஈரானை விட்டு வெளியேறிவிட்டதாக இன்ஸ்டாகிராமில் எழுதினார். அதில் அவர் சொன்னதன் சாரம் இதுதான்: ஈரானில் ஒடுக்கப்பட்ட லட்சக்கணக்கான பெண்களில் நானும் ஒருத்தி. உடுத்தச் சொன்னதை உடுத்தினேன், பேசச் சொன்னதைப் பேசினேன். என் பதக்கங்களை அதிகாரிகள் தங்கள் பெருமைக்குப் பயன்படுத்திக்கொண்டார்கள். அதே வாயால், பெண் காலை நீட்டுவது ஒழுக்கமில்லை என்று அவமதித்தார்கள்.

காலை நீட்டாமல் டேக்வாண்டோ எப்படி ஆடுவதாம்? கால் வேண்டாம், கால் வாங்கித் தந்த பதக்கம் மட்டும் வேண்டும்!

சரி, நண்பனின் வாதங்களுக்கு வருவோம்.

ஒன்று, "ஊர்ப் பணம்." பயிற்சிக்கு அரசு செலவழித்திருக்கும், மறுக்கவில்லை. அந்தக் கடன் எத்தனை பதக்கத்தில் தீரும்? இளையோர் தங்கம், உலகப் போட்டியில் இரண்டு பதக்கம், நாட்டின் வரலாற்றிலேயே ஒரு பெண்ணின் முதல் ஒலிம்பிக் பதக்கம். இத்தனையும் கொடுத்த பிறகும் வட்டி பாக்கி என்றால் அதற்குப் பெயர் பயிற்சி இல்லை, கொத்தடிமை.

இரண்டு, "காசுக்காகப் போனவ." தன்னை ஐரோப்பாவுக்கு யாரும் அழைக்கவில்லை, ஆசை காட்டவும் இல்லை என்று அவரே எழுதியிருந்தார். போன பிறகு கிடைத்தது என்ன? டோக்கியோ போட்டிக்குப் போக ஒரு நாடு கூட இல்லை. 29 பேர் கொண்ட அகதிகள் அணியில் ஒருவராகத்தான் 2021-இல் களமிறங்கினார். சொகுசு தேடிப் போகிறவர் அகதி என்ற பெயரையா தேடிப் போவார்?

அந்த நாளில் அவர் ஆடியதைப் பாருங்கள். முதல் ஆட்டமே ஈரானின் நாஹித் கியானியோடு. 18-9 என்று வென்றார். அடுத்தது 2012, 2016 இரண்டிலும் தங்கம் வென்று மூன்றாவதுக்கு வந்திருந்த பிரிட்டனின் ஜேட் ஜோன்ஸ். 16-12 என்று வென்றார். பிறகு சீன வீராங்கனையை 9-8. அரையிறுதியில் தோல்வி, வெண்கலத்துக்கான ஆட்டத்தில் துருக்கி வீராங்கனையிடம் 6-8. இரண்டே புள்ளியில் பதக்கம் போனது.

மூன்றாவது வாதம் தான் வலுவானது. "கியானி அங்கேயே இருந்து ஜெயிக்கலையா?" ஜெயித்தார். 2024 பாரிஸில் வெள்ளி வாங்கினார், ஈரானியப் பெண் ஒருவரின் முதல் ஒலிம்பிக் வெள்ளி. அவரை ஒரு சொல்லும் குறைத்துப் பேச மாட்டேன். இருப்பதும் அவர் உரிமை. ஆனால் ஒருத்தி தாங்கினாள் என்பதற்காக இன்னொருத்தியும் தாங்கியே ஆக வேண்டும் என்று எந்தச் சட்டம் சொல்கிறது?

அந்தப் பாரிஸ் கதையை முழுக்கக் கேளுங்கள். பல்கேரியாவுக்காக வந்த கிமியா, முதல் ஆட்டத்தில் மறுபடியும் கியானியைச் சந்தித்தார். இந்த முறை தோற்றார். டேக்வாண்டோவில் ஒரு விதி உண்டு. உங்களை வென்றவர் இறுதிப் போட்டிக்குப் போனால்தான் உங்களுக்கு வெண்கலத்துக்கான மறுவாய்ப்பு. அதாவது கியானி ஒவ்வொரு சுற்றாக ஜெயித்துக்கொண்டே போனால்தான் கிமியாவுக்குக் கதவு திறக்கும். கியானி ஜெயித்தார், கதவு திறந்தது. கிமியா அதில் நுழைந்து வெண்கலம் வாங்கினார். ஒரே மேடையில், ஈரானில் வளர்ந்த இரண்டு பெண்கள்.

இதில் யார் தேசபக்தை, யார் துரோகி? சொல் மச்சான்!

இன்னொரு கூட்டமும் உண்டு. கிமியாவின் படத்தைப் போட்டு "பார், எங்கள் மேற்கு எவ்வளவு நல்லது" என்று மார்தட்டும் கூட்டம். அவர்களுக்கும் இதே பதில்தான். தனக்கு டேக்வாண்டோ, பாதுகாப்பு, நிம்மதியான வாழ்க்கை இவை போதும் என்று எழுதியவரை உங்கள் விளம்பரப் பலகையில் ஆணி அடித்து மாட்டாதீர்கள்.

ஒலிம்பிக்கில் கொடி இரண்டு முறை மாறியது உண்மை. எடைப் பிரிவு மாறவில்லை, அதே 57 கிலோ. உதைத்த கால் மாறவில்லை. வலித்ததும் அந்தக் கால்தான். பதக்கம் அந்தக் காலுக்குச் சொந்தக்காரிக்கு. மேடைக்குக் கீழே நின்று கை தட்டியவர்களுக்கு அதில் பங்கு கேட்க உரிமை இல்லை, "துரோகி" என்று சொல்ல அதைவிட இல்லை.

டிஸ்கி: நண்பன் இதைப் படிப்பான் என்று தெரியும். பதில் இருந்தால் நாளைக்கு கேன்டீனில் வந்து சொல்லட்டும். டீ என் செலவு.