பள்ளி ஒன்றுதான், முதலாளி மட்டும் மாறுகிறார்

லெம்பா பெர்த்தாம் வட்டாரத் தோட்டங்களில் இன்று கொழுந்து பறிப்பவர்கள் பெரும்பாலும் வெளிநாட்டுத் தொழிலாளர்கள். தோட்டத்தை விட்டு வெளியேறிய தமிழ்க் குடும்பங்கள் பலவற்றுக்கு அரசுப் பள்ளியும் மருத்துவமனையும் அடுத்த பிழைப்பாயின. தற்காலிக ஆசிரியர், காவலாளி, துப்புரவுத் தொழிலாளி என்று போனார்கள். வேலை பறிபோய் நம்மிடம் வரும்போது, "கொன்ட்ராக் முடிந்துவிட்டது, ஒன்றும் செய்ய முடியாது" என்று நம்மில் பலர் திருப்பி அனுப்பிவிடுகிறோம். வழக்கறிஞர்களும் தொழிற்சங்கப் பொறுப்பாளர்களும் இந்தப் பதிலைக் கைவிட வேண்டும்.

முதலில் பார்க்க வேண்டியது, சம்பளச் சீட்டில் யார் பெயர் இருக்கிறது என்பதை.

அரசே நேரடியாக நியமித்திருந்தால் வழி குறுகலானது. தொழில் உறவுச் சட்டம் 1967இன் 52ஆம் பிரிவு, அரசு ஊழியருக்குத் தொழில் நீதிமன்றக் கதவை அடைத்துவிடுகிறது. விசாரணையின்றிப் பதவி நீக்கம் கூடாது என்கிறது கூட்டரசு அரசியலமைப்பின் 135(2). ஆனால் லையனல் வழக்கில் (1974) பிரிவி கவுன்சில், ஒப்பந்த விதிப்படி நோட்டீஸ் கொடுத்து வேலையை முடிப்பது பதவி நீக்கமாகாது என்றது. தற்காலிக ஊழியரைப் பொறுத்தவரை இன்றும் குறுக்கே நிற்பது இதுதான். இந்திய உச்ச நீதிமன்றம் 1957இல் தீங்ரா வழக்கில், தண்டனையாக நீக்கினால் தற்காலிக ஊழியருக்கும் பாதுகாப்பு உண்டு என்றது. அது நம் நீதிமன்றங்களைக் கட்டுப்படுத்தாது. வாதமாக வைக்கத் தடையில்லை. நோட்டீஸுக்குப் பின்னால் ஒரு குற்றச்சாட்டு ஒளிந்திருந்தால் நீதிமுறை மறுஆய்வு கேட்கலாம். அதற்கு உள்ள காலம் மூன்று மாதம்.

காவலாளியும் துப்புரவுத் தொழிலாளியும் வேறு வகை. வேலை அரசுப் பள்ளியில் என்றாலும் முதலாளி குத்தகை நிறுவனம். ஆகவே தனியார் துறைச் சட்டங்கள் முழுமையாக இவர்களுக்குப் பொருந்தும். நீக்கப்பட்ட 60 நாளுக்குள் தொழில் உறவு இலாகாவில் தொழில் உறவுச் சட்டத்தின் 20ஆம் பிரிவின் கீழ் மனு கொடுக்கலாம். தவணை ஒப்பந்தம் என்று தாளில் எழுதிவிட்டால் மட்டும் போதாது. இரு தரப்பின் நோக்கம், முதலாளியின் நடத்தை, வேலையின் தன்மை ஆகியவற்றைப் பார்க்க வேண்டும் என்று கூட்டரசு நீதிமன்றம் 2020இல் அகமட் சாஹ்ரி வழக்கில் தெளிவாக்கியது. பள்ளிக்கூடக் காவல் என்றைக்கு முடிகிற வேலை?

உண்மையான இழப்பு குத்தகை கைமாறும்போது நேர்கிறது. எடுத்துக்காட்டாக, ஒரே பள்ளி வாசலில் 12 ஆண்டு நின்ற ஒரு அம்மாவை எடுத்துக்கொள்வோம். மூன்று ஆண்டுக்கு ஒருமுறை நிறுவனம் மாறியது. 1980ஆம் ஆண்டு வேலை நீக்கப் பயன் விதிகள், ஐந்தாண்டுக்கு மேல் பணியாற்றியவருக்கு ஆண்டுக்கு 20 நாள் சம்பளம் தரச் சொல்கின்றன. தொடர்பணி என்றால் அவருக்கு 240 நாள் சம்பளம். கடைசி நிறுவனத்தில் மூன்று ஆண்டுதான் என்று கணக்கிட்டால், ஆண்டுக்கு 15 நாள் வீதம் 45 நாள். வருடாந்திர விடுமுறையும் ஒவ்வொரு மாற்றத்திலும் 8 நாளுக்கே திரும்புகிறது. ஒரு குத்தகைத் தாளுக்காக அவர் உழைத்த ஆண்டுகளை அழிப்பது அநியாயம்.

அரசு ஒப்பந்தத் தொழிலாளர்களின் அமைப்பான ஜாரிங்கான் பெக்கெர்ஜா கொன்ட்ராக் கெராஜான் இந்தக் குத்தகை முறையை எதிர்த்துப் போராடி வருகிறது. எங்கள் கோரிக்கை இன்னும் எளியது: புதிய குத்தகையாளர் பழைய தொழிலாளர்களை அவர்களின் பணிக்காலத்தோடு ஏற்க வேண்டும் என்ற நிபந்தனையை டெண்டர் ஆவணத்திலேயே அரசு சேர்க்கட்டும். இதற்கு நாடாளுமன்றத்தில் புதுச் சட்டம் வரும்வரை காத்திருக்கத் தேவையில்லை.

அதுவரை நம் வேலை குத்தகை முடிவதற்கு முன்பே தொடங்க வேண்டும். புது நிறுவனத்தில் சேர வேண்டுமானால் ராஜினாமா கடிதம் கொடு என்று கேட்கும் இடங்கள் உண்டு. அதில் கையெழுத்திட்டால் வேலை நீக்கப் பயனும் போகும், பெர்கேசோவின் வேலையிழப்புக் காப்புறுதியும் போகும். தானாக விலகியவருக்கு இரண்டும் கிடையாது. குத்தகையின் கடைசி மாதத்தில் ரிங்லெட்டுக்கும் பெர்த்தாமுக்கும் போய், எதிலும் கையெழுத்துப் போடுமுன் எங்களிடம் காட்டுங்கள் என்று நேரில் சொல்லிவிட்டு வாருங்கள்.