கேட்டுவிட்டு நீக்குங்கள்: தாம்பரம் வட்டார வாக்காளர்களின் கொள்கைப் பிரகடனம்

தாம்பரம், பல்லாவரம், பம்மல், அனகாபுத்தூர், செம்பாக்கம், சிட்லபாக்கம், பெருங்களத்தூர், பள்ளிக்கரணை ஆகிய ஊர்களின் வாக்காளர்களாகிய நாங்கள் இன்று ஓர் இயக்கமாகக் கூடுகிறோம். எங்கள் கொள்கை ஒன்றுதான். மக்கள் தேர்ந்தெடுத்த மாமன்ற உறுப்பினர் எவரையும், அவர் தரப்பை முழுமையாகக் கேட்காமல் பதவியிலிருந்து இறக்கக் கூடாது. அவர் யோக்கியராக இருந்தாலும் சரி, இல்லாவிட்டாலும் சரி.

கடைசி வாக்கியம் பலருக்கு உறுத்தும். "கமிஷன் வாங்குகிற கவுன்சிலருக்கு விசாரணை என்ன வேண்டிக்கிடக்கிறது?" என்று டீக்கடையில் கேட்பார்கள். வீடு கட்டுகிறவரிடமும் போர் போடுகிறவரிடமும் கைநீட்டும் கவுன்சிலர் போகத்தான் வேண்டும். அதில் எங்களுக்குள் இரண்டு கருத்து இல்லை. ஆனால் கைநீட்டினார் என்று சொன்னது யார், அதற்கு ஆவணம் என்ன, அவர் சொல்லும் பதில் என்ன? இவற்றைக் கேட்காமல் ஒருவரை அனுப்ப முடியுமென்றால், கைநீட்டாதவரையும் அதே வழியில் அனுப்பலாம். குப்பை ஒப்பந்தத்தைப் பற்றி மன்றத்தில் கேள்வி கேட்டவரையும் அனுப்பலாம்.

2025 மார்ச் இறுதியில் நடந்ததை நினைவுபடுத்துகிறோம். சென்னை மாநகராட்சியின் 5, 189-ஆவது வார்டு உறுப்பினர்கள், தாம்பரம் மாநகராட்சியின் 40-ஆவது வார்டு உறுப்பினர், உசிலம்பட்டி நகராட்சித் தலைவர் என நால்வரை மாநில அரசு பதவி நீக்கம் செய்தது. சென்னையின் இருவரும் அப்போதைய ஆளும் கட்சிக்காரர்கள் என்பதால் இதை வெறும் கட்சிப் பழிவாங்கல் என்று ஒதுக்கிவிட முடியாது. நால்வரும் உயர் நீதிமன்றம் போனார்கள். நீதிமன்றம் உத்தரவுகளை ரத்து செய்து, அவர்களுடைய விளக்கத்தைக் கேட்டு மறுபடி முடிவெடுக்கச் சொன்னது. அந்த நால்வர் மீதான புகார்கள் மெய்யா பொய்யா என்று இந்தப் பிரகடனம் தீர்ப்புச் சொல்லாது. நாங்கள் கவனித்தது வேறு. குறுக்குவழியில் போன அரசு, புறப்பட்ட இடத்துக்கே திரும்பி வந்தது. குற்றமற்றவர் இருந்தால் அவருக்கு வீண் அவமானம். குற்றவாளி இருந்தால் அவருக்கு மாலை மரியாதையோடு மறுவரவு. முறையாக விசாரித்திருந்தால் இரண்டும் நேர்ந்திருக்காது.

எங்கள் ஊருக்கு இதில் தனி வலி உண்டு. 2016 அக்டோபரில் பழைய மன்றங்களின் காலம் முடிந்தது. அடுத்த தேர்தல் 2022 பிப்ரவரி 19-இல்தான் வந்தது. ஐந்தாண்டுக்கு மேல் தனி அலுவலர்களே ஊரை நடத்தினார்கள். சாக்கடை அடைத்தாலும், ஏரி உடைப்பெடுத்தாலும், தண்ணீர் லாரி வராவிட்டாலும் போய்க் கேட்க ஒரு கவுன்சிலர் வீட்டு வாசல் இல்லை. இடையில் 2021-இல் ஐந்து நகராட்சிகளையும் ஐந்து பேரூராட்சிகளையும் இணைத்து 70 வார்டுகளோடு தாம்பரம் மாநகராட்சி உருவானபோதும் எங்களுக்காகப் பேச மன்றம் எதுவும் இருக்கவில்லை. அவ்வளவு காத்திருந்து கிடைத்த உறுப்பினரை ஓர் அரசாணையில் எடுத்துவிட்டால் வார்டு மறுபடி ஊமையாகிவிடும். வார்டு மக்கள் கூடிப் பேசும் பகுதி சபையைக் கூட்ட வேண்டியவரும் அவர்தான் என்பதை அரசாணை எழுதுகிறவர்கள் யோசித்ததாகத் தெரியவில்லை.

கிராமத்துக்கு இருக்கும் பாதுகாப்புகூட மாநகரத்துக்கு இல்லை. தமிழ்நாடு ஊராட்சிகள் சட்டம், 1994-இன் 205-ஆவது பிரிவுப்படி ஊராட்சித் தலைவரை நீக்க வேண்டுமென்றால் மாவட்ட ஆட்சியர் முதலில் விளக்கம் கேட்க வேண்டும். விளக்கம் திருப்தி தராவிட்டால் தாசில்தார் ஊராட்சிக் கூட்டத்தைக் கூட்டி உறுப்பினர்களின் கருத்தை அறிய வேண்டும். அதற்குப் பிறகுதான் முடிவு. அந்த முறையிலும் ஓட்டைகள் உண்டு. ஆனாலும் நாலு பேர் முன்னிலையில் விஷயம் பேசப்படுகிறது. தாம்பரத்தின் 70 உறுப்பினர்களிடம் யாரும் எதையும் கேட்கவில்லை.

தேர்ந்தெடுக்கப்பட்டவரை முறையின்றி நீக்கக் கூடாது என்பதை உச்ச நீதிமன்றம் பல முறை சொல்லிவிட்டது. பஞ்சாபின் ராஜ்புரா நகராட்சித் தலைவர் வழக்கில், 2001-இலேயே, தேர்ந்தெடுக்கப்பட்டவர் சட்டம் வகுத்த முறையில் நீக்கப்பட்டாலன்றித் தன் முழுக் காலமும் பதவியில் இருக்க உரியவர் என்றது. 2024-இல் மகாராஷ்டிரத்தின் ஜள்காவ் மாவட்டத்தில், பெண் தலைமையைப் பொறுக்காத சிலர் கொடுத்த புகாரை வைத்து நீக்கப்பட்ட ஊராட்சித் தலைவியை மீண்டும் பதவியில் அமர்த்தியது. அங்கே அதிகாரிகள் புகாரைச் சரிபார்க்கவே மெனக்கெடவில்லை. தாம்பரத்தின் முதல் மேயரே ஒரு பெண்; எங்கள் வார்டுகள் பலவற்றில் பெண்கள் உறுப்பினர்கள். இத்தகைய புகாருக்கு முதலில் இலக்காகப் போகிறவர்கள் யார் என்று சொல்லத் தேவையில்லை.

ஆகவே நாங்கள் கேட்பது இது. தண்டனை பெற்றதாலோ மாநகராட்சி ஒப்பந்தத்தில் பங்கு வைத்திருப்பதாலோ ஏற்படும் தகுதியிழப்பு வேறு. அதை ஆவணமே காட்டிவிடும். நடத்தை சரியில்லை என்று சொல்லி நீக்குவது வேறு. இரண்டாவதில் புகாரின் நகலும் சாட்சியங்களும் உறுப்பினர் கையில் சேர வேண்டும், பதில் எழுதப் போதிய நாள் வேண்டும், நேரில் வந்து பேசவும் சாட்சியைக் குறுக்கு விசாரணை செய்யவும் இடம் வேண்டும். உத்தரவில் அவர் சொன்ன ஒவ்வொரு பதிலும் ஏன் ஏற்கப்படவில்லை என்று எழுத வேண்டும். "விளக்கம் திருப்திகரமாக இல்லை" என்ற ஒற்றை வரி போதாது.

எல்லாவற்றையும்விட முக்கியம், தீர்மானிக்கிறவர் யார் என்பது. ஆணையரை நியமிப்பது அரசு. ஆணையரின் அறிக்கையை வாங்கி நோட்டீஸ் அனுப்புவது நகராட்சி நிர்வாகத் துறை. பதிலைப் படித்து நீக்குவதும் அதே துறை. வழக்குத் தொடுப்பவரே நீதிபதியின் நாற்காலியிலும் உட்கார்ந்தால் எத்தனை நாள் அவகாசம் தந்தும் பயனில்லை. இந்த அதிகாரம் மாவட்ட நீதிபதியிடம் போக வேண்டும். அவருக்கும் 90 நாள் கெடு இருக்கட்டும். ஊழல் செய்தவர் விசாரணையின் பெயரால் காலத்தை ஓட்டுவதையும் நாங்கள் விரும்பவில்லை. மேல்முறையீட்டுக் காலம் முடியும்வரை இடத்தைக் காலியென்று அறிவிக்கக் கூடாது. அறிவித்தால் ஆறு மாதத்துக்குள் இடைத்தேர்தல்.

வார்டு வாக்காளருக்கும் ஒரு பங்கு வேண்டும். நோட்டீஸ் போன அன்றே அதன் சாரம் வார்டு அலுவலகப் பலகையில் தமிழில் ஒட்டப்பட வேண்டும். நாங்கள் போட்ட ஓட்டைப் பற்றி நாளிதழில் படித்துத் தெரிந்துகொள்ளும் நிலை போதும்.

இயக்கத்துக்குப் பெயர் பிறகு வைத்துக்கொள்ளலாம். பதவியில் இருக்கும் கவுன்சிலரோ, அடுத்த தேர்தலில் நிற்க எண்ணுகிறவரோ இதில் பொறுப்பு வகிக்க முடியாது, உறுப்பினராக இருக்கலாம். எந்தக் கட்சிக்காரர் நீக்கப்பட்டாலும் நோட்டீஸையும் பதிலையும் உத்தரவையும் தகவல் அறியும் உரிமைச் சட்டத்தில் கேட்டு வாங்கி, அந்த வார்டிலேயே கூட்டம் போட்டு வாசிப்போம். முதல் வேலை, சட்டத் திருத்தம் கோரும் மனுவுக்கு 70 வார்டுகளிலும் கையெழுத்து வாங்குவது. பள்ளிக்கரணை சென்னை மாநகராட்சிக்குள் இருப்பதால், அங்குள்ள நண்பர்கள் தங்கள் பக்கம் தனிப் படிவம் எடுத்துச் செல்வார்கள்.