கிடைத்த படச்சுருளில் ஒரு சினிமா

2022 கான் விழாவில் நடுவர் குழுப் பரிசை வாங்க மேடையேறிய யெர்ழி ஸ்கோலிமோவ்ஸ்கி, 'இஓ' படத்தில் நடித்த ஆறு கழுதைகளுக்கும் ஒவ்வொன்றாகப் பெயர் சொல்லி நன்றி தெரிவித்தார். அப்போது அவருக்கு வயது 84. இயக்குநர் என்றே நாம் அறிந்திருக்கும் இந்தப் போலந்துக்காரர் கவிஞர், குத்துச்சண்டைக்காரர், வசனகர்த்தா, நடிகர், ஓவியர். 'பன்முகக் கலைஞர்' என்று மாலை போட்டு அனுப்பிவிடுவது எளிது. ஆனால் அவருடைய ஒரு தொழில் இன்னொன்றுக்குப் படியளந்த விதத்தைத்தான் கவனிக்க வேண்டும்.

ஆந்த்ரே வாய்தாவின் 1960ஆம் ஆண்டுப் படத்துக்கு எழுதப் போனவர், அதிலேயே குத்துச்சண்டை வீரராகத் தலைகாட்டினார். போலான்ஸ்கியின் முதல் முழுநீளப் படமான 'நைஃப் இன் த வாட்டர்' திரைக்கதையிலும் அவர் கை உண்டு. வூச் திரைப்படப் பள்ளியில் மாணவர்களுக்குப் பயிற்சிக்கென்று படச்சுருள் அளந்து கொடுப்பார்கள். மற்றவர்கள் அதில் தனித்தனிக் குறும்படங்கள் எடுத்தார்கள். இவரோ எல்லாப் பயிற்சிகளையும் ஒரே கதையின் துண்டுகளாகத் திட்டமிட்டு எடுத்து, படிப்பு முடியும்போது கையில் ஒரு முழுநீளப் படத்தோடு நின்றார். அதுதான் 'ரிசோபிஸ்' (1964). கதாநாயகனும் அவரே. சாமர்த்தியம் என்று இதைத்தான் சொல்ல வேண்டும்.

1967இல் 'லெ தெபார்' பெர்லினில் தங்கக் கரடி வாங்கியது. அதே ஆண்டு எடுத்த 'ஹேண்ட்ஸ் அப்' படத்தில் ஸ்டாலின் சுவரொட்டிக்கு இரண்டு ஜோடிக் கண்கள். அரசு சும்மா விடுமா? படத்துக்குத் தடை, அவர் நாட்டைவிட்டு வெளியேறினார்.

1981 டிசம்பரில் போலந்தில் இராணுவச் சட்டம் வந்தபோது லண்டனில் இருந்தார். ஐந்தே மாதத்தில் 'மூன்லைட்டிங்' கான் விழாவுக்குப் போய்ச் சிறந்த திரைக்கதை விருதைப் பெற்றது. லண்டனில் திருட்டுத்தனமாக வீடு புதுப்பிக்க வந்த நான்கு போலந்துக்காரர்களின் கதை அது. ஆங்கிலம் தெரிந்தவன் நோவாக் ஒருவன்தான் (ஜெரமி அயர்ன்ஸ்). ஊரில் நடந்ததை மற்ற மூவரிடமும் மறைத்து வேலை வாங்குகிறான். கையிருப்பு கரைய, கடையில் திருடுகிறான். சர்வாதிகாரத்தைப் பற்றி ஒரு வசனம்கூடப் பேசாமல், ஒரு மேஸ்திரியை வைத்தே அதைக் காட்டிவிடுகிறார்.

1991இல் எடுத்த படம் சறுக்கியதும் 17 ஆண்டுகள் இயக்கம் பக்கமே வரவில்லை, தூரிகையைப் பிடித்துக்கொண்டார். இடையிடையே நடித்தார். 2012இல் 'அவெஞ்சர்ஸ்' படத்தில் ரஷ்ய வில்லனாகக்கூட வந்துபோனார். அதை இழுக்கு என்பவர்கள் உண்டு. நமக்கு அப்படித் தோன்றவில்லை. சும்மா இருப்பதற்குப் பதில் சினிமாவில் எந்த வேலையும் செய்யத் தயாராக இருந்தவர் அவர்.

ஊர்தோறும் திரையிடல் நடத்தும் நண்பர்களுக்கு ஒரு வேண்டுகோள்: 'இஓ'வோடு நின்றுவிடாமல், 'ரிசோபிஸ்', 'மூன்லைட்டிங்' இரண்டையும் ஒரே மாலையில் போடுங்கள். இரண்டும் சேர்ந்தே மூன்று மணி நேரத்துக்குள் முடிந்துவிடும்.